ஊர் ஒரு பக்கம் கையைக் காட்டினால், என் ஓட்டு யாருடையது?

உப்புக்காற்று எழுதியது:

எல்லாருக்கும் வணக்கம். ரொம்ப நாளாக மனதில் கிடக்கும் ஒரு விஷயத்தை இங்கே கேட்கிறேன். கட்சிச் சண்டையாகிவிடக் கூடாது என்பதால் கட்சிப் பெயரையும் ஊர்ப் பெயரையும் எழுதவில்லை. தேவிபட்டினத்துக்கும் தொண்டிக்கும் நடுவில் கடலோரமாக உள்ள ஒரு சின்ன ஊர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

2024 ஏப்ரல் 19 அன்று மக்களவைத் தேர்தல். மீன்பிடித் தடைக்காலம் 15ஆம் தேதியே தொடங்கிவிட்டது. விசைப்படகெல்லாம் கரையில் கட்டிக் கிடந்தது. வழக்கமாக ஊர்க் கூட்டம் போட்டால் பாதி ஆண்கள் கடலில் இருப்பார்கள். இந்த முறை கோயில் முன்னால் உட்கார இடமில்லை. ஓட்டுக்கு இரண்டு நாள் முன்பு ஊர்ப் பெரியவர் எழுந்து, "இந்த முறை ஊர் மொத்தமும் இந்தச் சின்னத்துக்கு. தூண்டில் வளைவு கட்டித் தர்றேன்னு வாக்குக் கொடுத்திருக்காங்க. ஓட்டு சிதறிச்சுன்னா நாளைக்கு யாருகிட்டப் போய் நிக்கிறது?" என்றார். (தூண்டில் வளைவு என்பது கடல் கரையை அரிக்காமல் தடுக்கும் கல் தடுப்பு.) யாரும் மறுத்துப் பேசவில்லை. நானும் பேசவில்லை.

நான் அதற்கு முன்பே வேறொருவருக்குப் போடுவது என்று முடிவு செய்திருந்தேன். மிஷின் முன்னால் நின்றபோது பெரியவர் முகம் நினைவுக்கு வந்தது. அலை வந்து எங்கள் தெருவில் பாதியைத் தின்றதும் நினைவுக்கு வந்தது. கடைசியில் நான் நினைத்தவருக்கே போட்டேன். ஏழு வினாடி அந்தச் சீட்டு கண்ணாடிக்குள் தெரிந்து விழுந்தது. யாருக்கும் தெரியாது என்று நினைத்தேன்.

முடிவு வந்து சில வாரம் கழித்து ஒரு பையன் டீக்கடையில் செல்போனை வைத்துக்கொண்டு பூத் வாரியான கணக்கைச் சத்தமாகப் படித்தான். எங்கள் ஊருக்கு ஒரே பூத். ஊர் சொன்ன சின்னத்துக்குப் போடாதவர்கள் நாற்பதுக்கு மேல். "யாருப்பா அந்த நாற்பது பேர்?" என்று பெரியவர் கேட்டார். திட்டவில்லை, மிரட்டவில்லை, கேட்டார், அவ்வளவுதான். ஆனால் அன்று ராத்திரி என் அம்மா என்னைக் கூப்பிட்டு, "நீ இல்லல்ல?" என்று கேட்டபோது நான் பொய் சொன்னேன்.

என் கேள்வி இதுதான். கூட்டத்தில் எடுத்த முடிவு ஒவ்வொருவரின் முடிவும் ஆகிவிடுமா? அல்லது அது ஓட்டே இல்லையா? நம் கரைப் பக்கத்தில் ஜனங்கள் எப்படித்தான் முடிவு செய்கிறார்கள்? அனுபவத்தை எழுதுங்கள்.

—

சாயல்குடிப் பனை எழுதியது:

எங்கள் அப்பாவுக்கு ஒரே கணக்குத்தான். வீட்டில் சாவு விழுந்தபோது யார் வந்து நின்றான்? பையனுக்கு ஆஸ்பத்திரியில் ரத்தம் தேவைப்பட்டபோது யாருக்குப் போன் போட முடிந்தது? அவன் சொல்கிற சின்னம். தேர்தல் அறிக்கையை அவர் ஒரு நாளும் படித்ததில்லை. நான் படிக்கிறேன். ஆனால் இருபது வருஷமாக அவர் போட்ட ஓட்டில் தப்பு இருந்ததாக என்னால் சொல்ல முடியவில்லை.

—

சாக்பீஸ் எழுதியது:

நான் பள்ளிக்கூட வாத்தியார். பல தேர்தல்களில் வாக்குச்சாவடிப் பணி பார்த்திருக்கிறேன். தம்பி உப்புக்காற்று, உங்கள் கதையில் இரண்டு விஷயம் கலந்து கிடக்கிறது. ஊர் கூடி முடிவெடுப்பது ஒன்று. மீறியவர்களைக் கண்டுபிடிக்க முடிவது இன்னொன்று. முதலாவதைப் பற்றிப் பேசலாம், சண்டை போடலாம். இரண்டாவது விஷயத்தில் சட்டம் தெளிவாக இருக்கிறது.

1951ஆம் வருஷத்து மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 128ஆவது பிரிவு வாக்கின் ரகசியத்தைக் காக்கும் கடமையை எங்களைப் போன்ற ஊழியர்கள், ஏஜெண்டுகள் எல்லார் மீதும் வைக்கிறது. 123ஆவது பிரிவு ஊழல் நடவடிக்கைகளைச் சொல்கிறது. அதில் 'தகாத செல்வாக்கு' என்ற பகுதியில், வாக்காளரைச் சமூகத்திலிருந்து ஒதுக்கிவைப்பேன், சாதியிலிருந்து தள்ளிவைப்பேன் என்று மிரட்டுவது பெயர் சொல்லியே வருகிறது. அந்தக் காலத்திலேயே சட்டம் எழுதியவர்களுக்கு நம் ஊர்களைத் தெரிந்திருக்கிறது. உங்கள் பெரியவர் அந்த எல்லைக்குப் போகவில்லை. ஒருவர் "யார் அந்த நாற்பது பேர்" என்று கேட்டதோடு நிற்காமல் மிரட்டலாக அடுத்த வாக்கியத்தைச் சொன்னால் அந்த எல்லைக்குப் போய்விடுவார்.

பூத் கணக்குக்கு வருகிறேன். நீங்கள் சொல்வது படிவம் 20. அது வெளிப்படையாகக் கிடைக்கும் ஆவணம். ஓட்டுச் சீட்டு இருந்த காலத்தில், மிரட்டல் வரலாம் என்று தேர்தல் ஆணையம் நினைத்தால் பல சாவடிச் சீட்டுகளைக் கலந்துவிட்டு எண்ண விதி இருந்தது. எந்த ஊர் எப்படிப் போட்டது என்று யாராலும் சொல்ல முடியாது. மிஷின் வந்தபிறகு அந்தக் கலப்பு போய்விட்டது. ஒவ்வொரு மிஷினும் தன் கணக்கைத் தனியாகக் காட்டிவிடுகிறது. இதைச் சரிசெய்ய 'டோட்டலைசர்' என்று ஒரு கருவியைத் தேர்தல் ஆணையம் 2008லேயே முன்வைத்தது. 14 சாவடி மிஷின்களை ஒன்றாக இணைத்து மொத்தத்தை மட்டும் காட்டும். 2015இல் சட்ட ஆணையம் தன் 255ஆவது அறிக்கையில் அதைக் கொண்டுவரச் சொன்னது. இன்னும் வரவில்லை. பூத் வாரிக் கணக்கு இருந்தால்தான் எந்த ஊருக்கு வேலை செய்ய வேண்டும் என்று தெரியும் என்பது அதை வேண்டாம் என்பவர்களின் வாதம். அந்த வாதத்தைத் திருப்பிப் பார்த்தால் உங்கள் பெரியவரின் பயம் தெரியும்: போடாத ஊருக்கு வேலை நடக்காது.

இவ்வளவு எழுதக் காரணம், ஒரு பெரிய நகரத்தில் ஒரு ஓட்டு கடலில் விழுந்த உப்பு மாதிரி கரைந்துவிடும். ஒரு ஊருக்கு ஒரு பூத் என்கிற கடற்கரையில் கரையாது. நம் பக்கத்தில் ஜனங்கள் முடிவு செய்யும்போது அந்த நினைப்பும் கூடவே நிற்கிறது.

—

கீழக்கரைக் காக்கா எழுதியது:

வாத்தியார் சொன்னது உண்மை. எங்கள் ஊர்க் கதை கொஞ்சம் வேறு. கீழக்கரையில் வீட்டுக்கு ஒருவராவது வெளிநாட்டில் இருப்பார். நானும் பதினாறு வருஷம் துபாயில் இருந்தேன். வெளிநாட்டில் உள்ள இந்தியக் குடிமகன் வாக்காளராகப் பதிந்துகொள்ளலாம், ஆனால் ஓட்டுப் போட நேரில் வரவேண்டும். டிக்கெட் போட்டு யார் வருவார்? அதனால் எங்களிடம் இருந்தது ஓட்டு இல்லை, போன்தான். வியாழன் ராத்திரி உம்மாவிடம் பேசும்போது, "இந்த வாட்டி யாருக்கு?" என்று அவர் கேட்பார், நான் சொல்வேன். என் தங்கச்சி தனியாகக் கேட்டுக்கொள்வாள். எங்கள் தெருவில் அப்படி எத்தனை போன் போயிருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். அங்கே உட்கார்ந்து டிவி விவாதம் பார்த்தவன் இங்கே ஓட்டை நகர்த்தினான்.

ஜமாஅத்தில் பேசுவார்கள், இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் அதைக் 'கட்டளை' என்று வெளியூர்க்காரர்கள் நினைப்பதுதான் தப்பு. யார் ஜெயிக்க முடியும், யார் ஜெயித்துவிடக் கூடாது என்று கணக்குப் பார்க்கிறோம். அதிக ஓட்டு வாங்கியவர் ஒருவரே ஜெயிக்கிற முறையில், மனதுக்குப் பிடித்த மூன்றாவது ஆளுக்குப் போட்டு ஓட்டைச் சிதறவிட எல்லாருக்கும் மனம் வராது. பிடித்தவருக்குப் போடுவதா, பயப்படுகிறவரைத் தடுக்கப் போடுவதா என்பது ஒவ்வொரு வீட்டிலும் நடக்கிற பேச்சு. ஒரே வீட்டில் வாப்பா ஒரு பக்கமும் மகன் ஒரு பக்கமும் போட்டதை நான் பார்த்திருக்கிறேன்.

—

சேதுக்கரை எழுதியது:

நான் மதுரையில் அரசியல் அறிவியல் முதுகலை படித்தவள். காக்கா சொன்ன போன் விஷயத்தைப் படித்ததும் எழுத வேண்டும் என்று தோன்றியது.

1940இல் அமெரிக்காவில் ஒஹையோ மாநிலத்தின் ஈரி மாவட்டத்தில் லாசர்ஸ்ஃபெல்டும் அவருடைய குழுவினரும் ஓர் ஆய்வு செய்தார்கள். அதே வாக்காளர்களை மாதாமாதம் போய்ச் சந்தித்து, மனம் எப்போது, எதனால் மாறுகிறது என்று கேட்டார்கள். வானொலியும் பத்திரிகையும் ஆளை இழுத்துவிடும் என்று நினைத்துத்தான் போனார்கள். பிரச்சாரத்தால் கட்சி மாறியவர்கள் கொஞ்சம் பேர்தான். தடுமாறியவர்களுக்கு வழி காட்டியது வீட்டில் ஒருவர், வேலையிடத்தில் ஒருவர், பக்கத்து வீட்டில் ஒருவர். செய்தி முதலில் அந்த ஒருவரிடம் வருகிறது, அவர் வழியாக மற்றவர்களிடம் போகிறது. கீழக்கரையில் அந்த 'ஒருவர்' துபாயில் இருக்கிறார், அவ்வளவுதான் வித்தியாசம்.

1957இல் ஆன்டனி டவுன்ஸ் என்பவர் இன்னொன்று சொன்னார். லட்சக்கணக்கான ஓட்டில் என் ஒரு ஓட்டு முடிவை மாற்றாது. அப்படியிருக்க, ஒவ்வொரு வேட்பாளரைப் பற்றியும் நாள்கணக்கில் தேடிப் படிக்க ஒரு கூலித்தொழிலாளிக்கு ஏன் நேரம் இருக்க வேண்டும்? அதனால் குறுக்கு வழிகளைப் பிடிக்கிறார்: சின்னம், கட்சி, நம்பிக்கையான ஆள் சொல்வது. இதை அறியாமை என்று சொல்வதைவிடச் சிக்கனம் என்று சொல்லலாம். சாயல்குடி அண்ணனின் அப்பா செய்தது அதுதான்.

மூன்றாவதாக, போன ஐந்து வருஷம் எப்படி இருந்தது என்று திரும்பிப் பார்த்து ஓட்டுப் போடுவது. நன்றாக இருந்தால் இருக்கட்டும், இல்லையென்றால் இறக்கு. கேட்க நியாயமாகத்தான் இருக்கிறது. ஆனால் ஏக்கன், பார்ட்டெல்ஸ் என்ற இரண்டு பேராசிரியர்கள் ஒரு சங்கடமான கேள்வியைக் கிளப்பினார்கள். 1916 ஜூலையில் அமெரிக்காவின் நியூ ஜெர்சி கடற்கரையில் சுறா தாக்கி நான்கு பேர் இறந்தார்கள். கடலுக்கு வருகிறவர்கள் நின்றுபோனார்கள், விடுதிக்காரர்களுக்குப் பெரிய நஷ்டம். அந்த நவம்பரில் குடியரசுத் தலைவர் வில்சனுக்குக் கடலோர ஊர்களில் ஓட்டு குறைந்தது என்று இவர்கள் காட்டினார்கள். சுறாவுக்கு வில்சன் என்ன செய்வார்? தன் கஷ்டத்துக்குக் காரணம் யார் என்று பிரித்துப் பார்க்காமல் மக்கள் ஆட்சியைத் தண்டிக்கிறார்கள் என்பது அவர்கள் முடிவு. 2018இல் வேறு இருவர் அந்தக் கணக்கையே மறுபடி போட்டுப் பார்த்து, அப்படிச் சொல்ல ஆதாரம் போதாது என்று எழுதினார்கள். சண்டை இன்னும் ஓயவில்லை.

எனக்கு அந்தச் சுறாக் கதை உறுத்திக்கொண்டே இருக்கிறது. நம் கடலில் கஷ்டம் வரும்போது நாம் காரணத்தைப் பிரித்துப் பார்க்கிறோமா?

—

உப்புக்காற்று எழுதியது:

அக்கா, இதற்கு என்னிடம் பதில் இருக்கிறது. பிரித்துப் பார்க்கிறோம். வாடைக்காற்று ஓங்கி மீன் படாமல் போனால் எங்கள் ஊரில் யாரும் எம்.பி.யைத் திட்டமாட்டார்கள். காற்று, நீரோட்டம், அமாவாசை எல்லாம் எங்களுக்குத் தெரியும். ஆனால் இலங்கைக் கடற்படை பிடித்த படகு வருஷக்கணக்கில் அங்கே மக்கிப் போனால் அதற்குக் காற்று காரணம் இல்லை. டீசல் விலைக்கு நீரோட்டம் காரணம் இல்லை. 2017இல் பாக் நீரிணை விசைப்படகுகளுக்குப் பதிலாக ஆழ்கடல் படகு தரும் திட்டம் வந்தது. ஒரு படகு 80 லட்சம், பாதி மத்திய அரசு, 20 சதவீதம் மாநில அரசு, மீதிக்குக் கடனும் எங்கள் பங்கும். சூரை மீன் பிடிக்க எத்தனை நாள் கடலில் தங்க வேண்டும், ஐஸ் எவ்வளவு, கடன் தவணை எவ்வளவு என்று எங்கள் ஆட்கள் கணக்குப் போட்டுப் பார்த்து, ஆகாது என்று பலர் ஒதுங்கினார்கள். அந்தக் கணக்கு ஓட்டுப் போடும்போதும் மனதில் இருந்தது. கச்சத்தீவு என்று டிவியில் பேசப்பேச எங்கள் கரையில் கேட்ட கேள்வி வேறு: பிடிபட்ட பையன் எப்போது வருவான்?

—

வல்லத்துக்காரன் எழுதியது:

தம்பி, 'எங்கள் கரை' என்று சொல்வதில் கொஞ்சம் நிதானம் வேண்டும். நான் நாட்டுப்படகுக்காரன், பாம்பன் பக்கம். ஆழ்கடல் படகுத் திட்டம் விசைப்படகுக்கு. தடைக்காலம் விசைப்படகுக்கு. பிடிபட்டு டிவியில் வருவதும் பெரும்பாலும் அவர்கள்தான். இழுவலையில் என் வலை அறுந்துபோனால் எந்தக் கேமராவும் வராது. தேர்தல் வந்தால் எல்லாக் கட்சியும் 'மீனவர் ஓட்டு' என்று ஒரே மூட்டையாகக் கட்டுகிறார்கள். விசைப்படகு, நாட்டுப்படகு, கரைவலை, நண்டு வலை, கருவாட்டுக்காரர்கள், ஏலக்காரர்கள், மீன் வாங்கும் கம்பெனிக்காரரிடம் முன்பணம் வாங்கி மாட்டிக்கொண்டவர்கள் என்று எத்தனை விதம்? கம்பெனிக்காரரிடம் கடன் இருக்கிறவனுக்கு அவர் எந்தக் கட்சிப் பக்கம் நிற்கிறார் என்பதும் ஒரு கணக்கு. அதை இங்கே யாரும் இன்னும் சொல்லவில்லை.

—

உப்புக்காற்று எழுதியது:

சரிதான் அண்ணே. மன்னிக்கவும். எங்கள் ஊரிலேயே இரண்டும் இருக்கிறது. கூட்டத்தில் பேசியது பெரும்பாலும் விசைப்படகு வைத்திருப்பவர்கள்தான் என்று இப்போதுதான் யோசிக்கிறேன்.

—

பாசிக்காரி மகள் எழுதியது:

இதுவரை எழுதியவர்களில் சேதுக்கரை அக்காவைத் தவிர எல்லாரும் ஆண்கள் என்று நினைக்கிறேன். அதனால் நான் எழுதுகிறேன்.

என் அம்மா மன்னார் வளைகுடாத் தீவுகளில் கடல்பாசி எடுத்துப் பிழைத்தவர். விடியும் முன்னே படகேறி, கையில் துணியைச் சுற்றிக்கொண்டு, முகத்துக்குக் கண்ணாடி போட்டுக்கொண்டு பாறையில் மூழ்கி எடுப்பார்கள். 1986இல் அந்தத் தீவுகள் தேசியப் பூங்கா ஆனபிறகு தீவுப் பக்கம் போனால் பிடிப்பார்கள், பாசியைப் பறிப்பார்கள் என்ற பயத்தோடுதான் போனார்கள். அம்மாவுக்கு அரசாங்கம் என்றால் அந்த ரோந்துப் படகுதான். ஓட்டுப் போட அவருக்கு இருந்த முதல் கேள்வி, யார் வந்தால் அந்தப் படகு நம்மை மரியாதையாக நடத்தும் என்பது. இந்தக் கேள்வியை எந்த ஊர்க் கூட்டமும் கேட்டதில்லை, ஏனென்றால் அந்தக் கூட்டத்தில் பாசி எடுக்கிறவர்கள் உட்கார்ந்ததில்லை.

அப்பா எப்போதும் ஒரு கட்சி. தாத்தா காலத்திலிருந்து அப்படித்தான். வீட்டு வாசலில் அதே கொடி. அம்மா வெளியே ஒரு வார்த்தை மறுத்துப் பேசமாட்டார். ஆனால் என் கல்யாணத்துக்குப் பிறகு ஒரு நாள் தனியாக இருந்தபோது சொன்னார்: "உங்கப்பா சொன்னதுக்கு நான் ரெண்டு தடவைதான் போட்டிருக்கேன்." எத்தனை தேர்தலில் என்று கேட்டேன். எண்ணிப் பார்த்து, பத்துக்கு மேலே என்றார்.

அந்த அட்டைத் தடுப்புக்குப் பின்னால் இருக்கிற சில நொடி, என் அம்மாவுக்கு வாழ்க்கையில் யாரும் எட்டிப் பார்க்காத ஒரே இடம். குளிக்கிற இடத்துக்குக்கூடக் கதவு இல்லாத வீட்டில் வாழ்ந்தவர் அவர். உப்புக்காற்றுத் தம்பி, ரகசியம் என்பது உங்களுக்குச் சட்டமாகத் தெரிகிறது. எங்களுக்கு அது இடம்.

அப்புறம் காசு. இதைப் பேசாமல் இந்த இழை முடியாது. காசை ஆம்பளைகள் கையில்தான் கொடுத்துவிட்டுப் போவார்கள், இத்தனை ஓட்டுக்கு இவ்வளவு என்று. அம்மாவின் பங்கும் அதில் சேர்ந்தே போகும், அவர் கையில் பார்த்ததில்லை. அதனால் அந்தக் காசுக்கு அவர் எந்தக் கடமையும் பட்டதாக நினைத்ததில்லை.

—

சாயல்குடிப் பனை எழுதியது:

அக்கா, உங்கள் அம்மா கதையைப் படித்துவிட்டு என் அம்மாவிடம் கேட்டேன். சிரித்துக்கொண்டே எழுந்து போய்விட்டார். எனக்கு முப்பத்தெட்டு வயதாகிறது. அவர் யாருக்குப் போடுகிறார் என்று இன்றுவரை நான் கேட்டதே இல்லை என்பது இன்றைக்குத்தான் உறைத்தது.

—

சாக்பீஸ் எழுதியது:

காசைப் பற்றிக் கொஞ்சம். 2009 ஜனவரியில் திருமங்கலம் இடைத்தேர்தல் நடந்தபிறகு காசு கொடுத்து ஓட்டு வாங்குவதைக் குறிக்க 'திருமங்கலம் ஃபார்முலா' என்ற சொல்லே அகராதியில் சேர்கிற அளவுக்குப் பரவியது. 2016இல் அரவக்குறிச்சியிலும் தஞ்சாவூரிலும், 2017 ஏப்ரலில் ஆர்.கே. நகரிலும், 2019இல் வேலூரிலும் காசு விநியோகம் காரணமாகத் தேர்தலையே நிறுத்தினார்கள். சட்டப்படி கொடுப்பவர் மட்டும் குற்றவாளி இல்லை. வாங்குபவரும்தான்.

ஆனால் காசு வாங்கியவர் வாங்கிய கைக்கே போடுகிறார் என்று நினைப்பது என் அனுபவத்தில் பாதிதான் உண்மை. இரண்டு பக்கமும் கொடுக்கும்போது எதற்குக் கட்டுப்படுவது? சிலர் சத்தியம் செய்துவிட்டோமே என்று மனம் கலங்கி அதற்கே போடுவார்கள். கையில் விளக்கை வைத்தும் சாமி படத்தை வைத்தும் சத்தியம் வாங்குகிறவர்கள் அதை அறிந்துதான் செய்கிறார்கள். வேறு சிலருக்கு, காசு கொடுக்கவில்லை என்றால் நம்மை மதிக்கவில்லை என்ற கோபம். காசு ஓட்டை வாங்குவதைவிட, 'இவர் போட்டியில் இருக்கிற ஆள்' என்று காட்டிக்கொள்ள அதிகம் உதவுகிறது என்று எனக்குத் தோன்றுகிறது.

தேர்தல் அறிக்கையில் சொல்வதையும் கையில் கொடுக்கும் காசையும் ஒன்றாகப் பேசுகிறவர்கள் உண்டு. 2013இல் உச்ச நீதிமன்றம் அறிக்கையில் தரும் வாக்குறுதி 123ஆவது பிரிவின்படி ஊழல் நடவடிக்கை ஆகாது என்று சொல்லிவிட்டது. எனக்கும் அது வேறுதான். டிவி, மிக்ஸி, பஸ் பயணம், உரிமைத் தொகை எதுவானாலும் அறிவித்த கட்சிக்குப் போடாதவருக்கும் வந்து சேரும். ராத்திரி கதவைத் தட்டிக் கொடுக்கும் கவர் அப்படி இல்லை.

—

வல்லத்துக்காரன் எழுதியது:

நிவாரணத்தையும் இதில் சேர்க்கவேண்டும். தடைக்கால நிவாரணம் 8,000 ரூபாய் ஆனது. 61 நாளைக்கு அது போதாது, ஆனால் வருகிறது. வருமா, எப்போது வரும், பெயர் விட்டுப்போனால் யார் சேர்ப்பார் என்பதுதான் எங்கள் பேச்சு. அறிவித்த ஆளைவிட, விட்டுப்போன பெயரைச் சேர்க்க ஆபீசுக்குக் கூடவே வந்த ஆளுக்குத்தான் ஊரில் மரியாதை.

—

கீழக்கரைக் காக்கா எழுதியது:

ஜனங்களுக்கு விவரம் போதாது என்று சொல்கிறவர்களுக்கு நான் எப்போதும் நம் ராமநாதபுரம் தொகுதியைத்தான் காட்டுவேன். 2024இல் முன்னாள் முதல்வர் ஓ. பன்னீர்செல்வம் இங்கே சுயேச்சையாக நின்றார். அதே பெயரில், அதே முன்னெழுத்தோடு வேறு பலரும் மனு போட்டு நின்றார்கள். அவருக்குக் கிடைத்தது பலாப்பழம், முன்பின் யாரும் பார்க்காத சின்னம். மனு வாபஸ் முடிந்து சின்னம் ஒதுக்கியதிலிருந்து ஓட்டுக்கு மூன்று வாரம்கூட இல்லை. மிஷினில் பெயரை மட்டும் பார்த்தால் யார் எவர் என்று யாருக்கும் குழப்பம் வரும்.

நடந்தது என்ன? ஏணிச் சின்னத்தில் நின்ற நவாஸ் கனி 5 லட்சத்துக்கும் மேல் வாங்கி ஜெயித்தார். பலாப்பழம் 3 லட்சத்து 40 ஆயிரத்துக்கும் மேல் வாங்கி இரண்டாவதாக வந்தது. மற்றப் பன்னீர்செல்வங்கள் எல்லாருக்கும் சேர்த்துச் சில ஆயிரம்தான். நான் அவருக்குப் போட்டவன் இல்லை. ஆனால் திருச்சுழிக் கரிசல்காட்டிலும் முதுகுளத்தூரிலும் பரமக்குடியிலும் அத்தனை பேர் அந்தப் பழத்தைத் தேடிப் பிடித்து அமுக்கியிருக்கிறார்கள் என்றால், தனக்கு வேண்டியதைத் தெரிந்துகொள்ள ஜனங்களுக்குத் தெரியும் என்றுதான் அர்த்தம். எழுதப் படிக்கத் தெரியாத கிழவிக்கும் அது முடிந்திருக்கிறது.

—

சாக்பீஸ் எழுதியது:

காக்கா சொன்னதோடு ஒரு தகவல். பெயர்க் குழப்பத்துக்காகவே 2015 முதல் மிஷினில் வேட்பாளர் படமும் இருக்கிறது. ஆனால் அது சின்னஞ்சிறு படம். என் சாவடியில் நான் பார்த்தவரை பெரியவர்கள் படத்தைத் தேடுவதில்லை, சின்னத்தைத்தான் தேடுகிறார்கள். வரிசையில் நிற்கும்போதே விரலால் காற்றில் இத்தனாவது வரிசை என்று எண்ணிப் பார்க்கிற பாட்டிகளை நான் பார்த்திருக்கிறேன்.

—

சேதுக்கரை எழுதியது:

உப்புக்காற்றுத் தம்பியின் முதல் கேள்விக்கு இன்னும் யாரும் நேராகப் பதில் சொல்லவில்லை. நான் முயற்சி செய்கிறேன்.

ஊர் கூடிப் பேசுவதில் தப்பில்லை என்று நினைக்கிறேன். எண்ணூறு ஓட்டுள்ள ஊர் தனித்தனியாக நின்றால் வேட்பாளர் ஜீப்பை நிறுத்தக்கூடமாட்டார். சேர்ந்து நின்றால் இறங்கி வருவார். தூண்டில் வளைவு என்பது ஒரு வீட்டுக்கு மட்டும் கட்ட முடியாத ஒன்று. கரை போனால் எல்லார் வீடும் போகும். அந்த மாதிரிப் பொதுவான தேவைக்கு ஓட்டைச் சேர்த்து வைப்பது அறிவுள்ள செயல்தான். பேரம் பேச நம்மிடம் வேறு என்ன இருக்கிறது?

என் சங்கடம் கூட்டத்தின் நடைமுறையில். உங்கள் கூட்டத்தில் பெரியவர் முடிவைச் சொன்னார். கேள்வி யாரும் கேட்கவில்லை. மற்ற வேட்பாளர் தரப்பை அழைத்தார்களா? போன முறை ஜெயித்தவர் தொகுதி நிதியில் நம் கரைக்கு என்ன செய்தார் என்று யாராவது எடுத்து வைத்தார்களா? 2008 தில்லி சட்டமன்றத் தேர்தலின்போது அங்குள்ள குடிசைப் பகுதிகளில் ஒரு சோதனை செய்தார்கள். எம்.எல்.ஏ.க்கள் எத்தனை நாள் சபைக்கு வந்தார்கள், நிதியை எதற்குச் செலவு செய்தார்கள் என்ற மதிப்பெண் பட்டியலைச் செய்தித்தாளில் அச்சடித்து வீடு வீடாகக் கொடுத்தார்கள். கொடுத்த பகுதிகளில் ஓட்டுப் போட வந்தவர்கள் கூடினார்கள், நன்றாக வேலை செய்தவருக்கு ஓட்டு ஏறியது, காசு கொடுப்பதும் குறைந்தது. தகவல் கையில் கிடைத்தால் ஏழை ஜனங்கள் அதைப் பயன்படுத்துகிறார்கள். உங்கள் கோயில் வாசலில் அதைச் செய்ய ஒரு கரும்பலகை போதும்.

பேசி முடித்தபிறகு ஊர் ஒரு கருத்து சொல்லட்டும். அதற்கப்புறம் பூத்துக்குள் நீங்கள் போட்ட ஓட்டு முழுக்க உங்களுடையது. ஊரோடு சேர்ந்து போட்டிருந்தாலும் உங்களுடையதுதான். அம்மாவிடம் பொய் சொல்ல வேண்டி வந்ததே, அதுதான் எனக்கு வலிக்கிறது.

—

வல்லத்துக்காரன் எழுதியது:

கரும்பலகை நல்ல யோசனை. ஆனால் எழுதுவது யார் என்பதில் சண்டை வரும். வாத்தியாரை எழுதச் சொல்லுங்கள்.

—

சாக்பீஸ் எழுதியது:

நான் அரசு ஊழியர், என்னால் முடியாது. படிக்கிற பிள்ளைகள் எழுதலாம். தொகுதி நிதிச் செலவு விவரம் பொதுவில் கிடைக்கும். தகவல் உரிமைச் சட்டத்தில் மனுவும் போடலாம். மனு எழுத உதவி வேண்டுமென்றால் செய்கிறேன்.

—

உப்புக்காற்று எழுதியது:

பத்து நாள் கழித்து வருகிறேன். இங்கே படித்ததை எல்லாம் மனதில் வைத்துக்கொண்டு பெரியவர் வீட்டுக்குப் போனேன். வலைக்கு மிதவை கட்டிக்கொண்டிருந்தார். அந்த நாற்பது பேரில் நான் ஒருவன் என்று முதலில் சொல்லிவிட்டேன். கை நின்றது. ஏன் என்று கேட்டார். சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "அன்னைக்கிக் கூட்டத்துல சொல்லியிருக்கலாமேடா" என்றார். சொல்கிற மாதிரி நீங்கள் கேட்கவில்லையே மாமா என்றேன்.

தூண்டில் வளைவு இன்னும் வரவில்லை. அதில் அவருக்கும் வருத்தம்தான். ஊர் மொத்தமாகப் போட்டதற்கு என்ன கிடைத்தது என்று அவரே கேட்டார். பூத் கணக்கைச் சத்தமாகப் படிக்க வேண்டாம் என்று கேட்டுக்கொண்டேன். அதற்கு ஒத்துக்கொள்ளவில்லை. எல்லாருக்கும் கிடைக்கிற கணக்கை மறைத்து வைக்க முடியாது என்கிறார். ஆனால் "யார்" என்று இனிமேல் கேட்கமாட்டேன் என்றார். அடுத்த தேர்தலுக்கு எல்லாத் தரப்பையும் கோயில் முன்னால் வரச்சொல்லிக் கேள்வி கேட்கலாம் என்று சம்மதித்திருக்கிறார். கரும்பலகையை நானும் இரண்டு பையன்களும் எழுதுகிறோம். வாத்தியார் சார், மனு எழுத உங்கள் உதவி வேண்டும்.

அம்மாவிடமும் உண்மையைச் சொல்லிவிட்டேன். "தெரியும்" என்றார்.

—

பாசிக்காரி மகள் எழுதியது:

தம்பி, சந்தோஷம். ஒன்றே ஒன்று கேட்கிறேன். அந்தக் கூட்டத்தில் உங்கள் அம்மா உட்காருவார்களா?

—

உப்புக்காற்று எழுதியது:

இதுவரை பெண்கள் உட்கார்ந்ததில்லை அக்கா. அதை நான் கேட்காமல் வந்துவிட்டேன். நாளைக் காலையில் போய்க் கேட்கிறேன்.